ரிவாக்: பள்ளிவாசல் தாழ்வாரத்தைப் பார்த்துப் படிக்க ஒரு முழுமையான வழிகாட்டி

கெய்ரோவில் உள்ள இப்னு துலூன் பள்ளிவாசலுக்குள் நுழைந்ததும் கண்ணில் படுவது ஒரு பெரிய வெட்டவெளி. ஒரு பக்கம் சுமார் 92 மீட்டர் நீளமுள்ள சதுர முற்றம் அது. அந்த வெளியை நான்கு புறமும் வளைத்து, வரிசை வரிசையாக வில்வளைவுகளைத் தாங்கி நிற்கும் நிழலான தாழ்வாரத்துக்கு அரபியில் ரிவாக் என்று பெயர். வருபவர்கள் பெரும்பாலும் நடுவில் உள்ள குவிமாட மண்டபத்தையும் சுற்றுப்படி மினாராவையும் படம் எடுத்துக்கொண்டு திரும்பிவிடுகிறார்கள். இந்தக் கட்டடத்தின் கதை முழுவதும் தாழ்வாரத்தில்தான் இருக்கிறது. எந்தக் காலத்தில், யார், எந்த ஊர்ப் பழக்கத்தைக் கொண்டுவந்து, கையில் கிடைத்த எந்தப் பொருளை வைத்துக் கட்டினார்கள் என்பதை ரிவாக்கைப் பார்த்தே பெருமளவு சொல்லிவிட முடியும். அப்படிப் பார்ப்பதற்கான படிகளை இங்கே தருகிறேன். இப்னு துலூனை முதன்மை எடுத்துக்காட்டாக வைத்துக்கொண்டு, தேவையான இடங்களில் டமாஸ்கஸ், கைரவான், கோர்டோபா, இஸ்தான்புல் பக்கமும் போய்வருவோம்.

கையில் ஒரு நோட்டுப் புத்தகம், பென்சில், கைபேசியில் திசைகாட்டி ஆகியவை போதும். தொலைநோக்கி இருந்தால் இன்னும் நல்லது. மேலே உள்ள எழுத்துகளையும் சுதை வேலையையும் வெறும் கண்ணால் பார்த்து முடியாது. வெள்ளிக்கிழமை நண்பகலைத் தவிருங்கள். மற்ற நாட்களிலும் தொழுகை நடக்கும் நேரத்தில் கிப்லா (மக்காவை நோக்கிய திசை) பக்கத்துத் தாழ்வாரத்துக்குள் சுற்றித் திரியாமல் எதிர்ப்பக்கத்தில் காத்திருப்பதுதான் மரியாதை. தொழுகிறவர்களின் முகத்தை அவர்கள் அனுமதி இல்லாமல் படம் எடுக்காதீர்கள்.

தொடங்கும் முன்: மதீனாவின் நிழல்

ரிவாக்கின் முதல் வடிவத்தில் கல்லும் இல்லை, வளைவும் இல்லை. 622-இல் மதீனாவில் எழுந்த நபியின் பள்ளிவாசல், பச்சைச் செங்கல் சுவர் சூழ்ந்த ஒரு முற்றம். பேரீச்ச மரத் தண்டுகளை நட்டு, மேலே பேரீச்ச ஓலை வேய்ந்து ஒரு பக்கத்தில் நிழல் அமைத்தார்கள். தொழுகைத் திசை ஜெருசலேமிலிருந்து மக்காவுக்கு மாறியபோது வடபுற நிழல் தொழுகைக்கு முன்வரிசை என்ற நிலையை இழந்தது. வீடு வாசல் இல்லாத தோழர்கள் அங்கே தங்கினார்கள். தமிழ் முஸ்லிம்கள் 'திண்ணைத் தோழர்கள்' என்று அன்போடு சொல்வது இவர்களைத்தான்.

ஆக, தொழவும், தங்கவும், படிக்கவும், வெயிலுக்கு ஒதுங்கவும் ஒரே நிழல் என்ற ஏற்பாடு தொடக்கத்திலேயே வந்துவிட்டது. பிறகு வந்த கலீஃபாக்களும் சுல்தான்களும் பளிங்கையும் பொன்னையும் கொட்டி எவ்வளவு பெரிதாகக் கட்டினாலும், முற்றமும் அதைச் சுற்றிய நிழலும் என்ற அடிப்படை மாறவில்லை. இதை மனதில் வைத்துக்கொண்டால் அடுத்து வரும் எல்லாப் படிகளும் எளிதாகிவிடும்.

படி 1: முற்றத்தின் நடுவில் நின்று ஆழத்தை எண்ணுங்கள்

தாழ்வாரத்துக்குள் நேராகப் போய்விடாதீர்கள். முற்றத்தின் நடுவில் நின்று நான்கு பக்கத்தையும் பாருங்கள். ஒவ்வொரு பக்கத்திலும் ஒன்றன்பின் ஒன்றாக எத்தனை வளைவு வரிசைகள் தெரிகின்றன? இப்னு துலூனில் மூன்று பக்கங்களில் இரண்டு. ஒரு பக்கத்தில் மட்டும் ஐந்து. அந்த ஐந்து வரிசைப் பக்கம்தான் கிப்லா, மக்காவை நோக்கிய திசை. பலகையோ வழிகாட்டியோ தேவையில்லை. முற்றம் கொண்ட பழைய பள்ளிவாசல்களில் எந்தப் பக்கம் ஆழமோ அந்தப் பக்கம்தான் மிஹ்ராப், அதாவது மக்காவின் திசையைக் காட்டும் சுவர் மாடம், இருக்கும்.

நோட்டுப் புத்தகத்தில் ஒரு சதுரம் போட்டு, ஒவ்வொரு பக்கத்திலும் வரிசை எண்ணிக்கையைக் குறித்துக்கொள்ளுங்கள். திசைகாட்டியைப் பார்த்து அம்புக்குறியும் போடுங்கள். இனிப் பார்க்கும் எல்லாவற்றையும் இந்தப் படத்தின் மேல்தான் எழுதப்போகிறீர்கள்.

இப்னு துலூனில் இன்னொன்றையும் கவனியுங்கள். ரிவாக்கின் வெளிச்சுவருக்கு அப்பால் மூன்று பக்கங்களில் இன்னொரு திறந்தவெளி ஓடுகிறது. அதற்கு ஸியாதா என்று பெயர். சந்தை இரைச்சலும் தெருவின் புழுதியும் தொழுகை இடத்தை எட்டாமல் தடுக்கும் இடைவெளி அது. இன்றைய கெய்ரோ தெருவிலிருந்து உள்ளே வருபவருக்கு, ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்கு மேலாகியும் அந்த ஏற்பாடு வேலை செய்வது காதிலேயே தெரியும்.

படி 2: வெயில் எங்கே விழுகிறது என்று பாருங்கள்

கெய்ரோவில் கிப்லா ஏறத்தாழ தென்கிழக்கு. எனவே கிப்லா ரிவாக்கின் வாய் வடமேற்கைப் பார்த்துத் திறந்திருக்கிறது. நண்பகலில் சூரியன் தெற்கே நிற்கும். அதாவது கட்டடத்தின் முதுகுப் பக்கம். உள்ளே நேர்வெயில் நுழையாது. தாழ்வாரத்தின் நிழல் முற்றத்துக்குள் நீளும். லுஹர் எனும் நண்பகல் தொழுகைக்கு வருபவர்களுக்கு அதைவிடக் குளிர்ந்த இடம் ஊரில் கிடைக்காது. கோடையில் அஸர் எனும் பிற்பகல் தொழுகை நேரத்துக்குப் பிறகு மேற்கு வெயில் சாய்வாக உள்ளே வரத் தொடங்கும். அப்போதுதான் வளைவுகளின் அடிப்புறத்தில் உள்ள சுதைக் கோலங்கள் ஒவ்வொரு கோடாகத் தெளிந்து தெரியும். படம் எடுக்க விரும்புகிறவர்கள் அந்த நேரத்துக்குப் போவது நல்லது.

இது ஊருக்கு ஊர் மாறும். இந்தியாவில் கிப்லா மேற்கு. தில்லி ஜாமா மஸ்ஜிதில் தொழுகைக் கூடம் கிழக்கைப் பார்த்துத் திறப்பதால் காலை வெயில் உள்ளே வந்து, நண்பகலுக்குப் பின் கூடம் நிழலாகிவிடும். நீங்கள் நிற்கும் ஊரில் கிப்லா எந்தத் திசை, முற்றத்தின் எந்தப் பக்கம் எந்த நேரத்தில் நிழல் என்று கணக்குப் போட்டுப் பார்த்தால், ஆட்கள் எங்கே உட்கார்ந்திருக்கிறார்கள் என்பதற்கும் விடை கிடைத்துவிடும்.

படி 3: வளைவுகள் எந்தத் திசையில் ஓடுகின்றன?

இப்போது கிப்லா தாழ்வாரத்துக்குள் போங்கள். வளைவு வரிசைகள் கிப்லாச் சுவருக்கு இணையாக ஓடுகின்றனவா, அல்லது அதை நோக்கிச் செங்குத்தாக ஓடுகின்றனவா?

இப்னு துலூனில் இணையாக ஓடுகின்றன. தொழுகை வரிசையான ஸஃப்பும் கிப்லாவுக்கு இணையாகத்தான் நிற்கும். எனவே இரண்டு தூண் வரிசைகளுக்கு நடுவே தடையே இல்லாமல் நீண்ட ஸஃப்கள் நிற்க முடிகிறது. டமாஸ்கஸ் உமையாப் பள்ளிவாசலின் தொழுகைக் கூடமும் இதே வழியில் அமைந்ததுதான். மூன்று நீண்ட கூடங்கள் கிப்லாவுக்கு இணையாக ஓட, நடுவில் ஓர் உயர்ந்த குறுக்குக் கூடம் அவற்றை வெட்டிக்கொண்டு மிஹ்ராபை நோக்கிப் போகிறது.

துனீசியாவின் கைரவானிலும் ஸ்பெயினின் கோர்டோபாவிலும் நேர் எதிர். வரிசைகள் கிப்லாச் சுவரை நோக்கி ஓடுகின்றன. கைரவானில் 17 கூடங்கள். நடுக்கூடம் மட்டும் மற்றவற்றைவிட அகலம். உள்ளே நுழைந்தவரின் கண் தானாகவே மிஹ்ராபுக்குப் போய்விடும். இரண்டில் எது சிறந்தது என்று கேட்டால், தொழுகிறவருக்கு இணை வரிசையும் பார்க்க வருபவருக்குச் செங்குத்து வரிசையும் உகந்தவை என்பேன். இப்னு துலூனின் அமைதிக்கு அந்த இணை வரிசைகளே காரணம் என்பது என் துணிபு. எந்த இடத்தில் நின்றாலும் 'இதுதான் முதன்மையான இடம்' என்று கட்டடம் உங்களைத் தள்ளுவதில்லை.

படி 4: தூணைப் பாருங்கள். இது எங்கிருந்து வந்தது?

இந்த வழிகாட்டியிலேயே அதிக நேரம் செலவிட வேண்டிய படி இது.

முதல் கேள்வி: எடையைத் தாங்குவது உருண்டையான கல் தூணா, செங்கல்லால் கட்டிய கட்டுத்தூணா? கல் தூண் என்றால் அடுத்த கேள்வி: பக்கத்துத் தூணும் இதுவும் ஒரே நிறமா, ஒரே பருமனா, ஒரே உயரமா?

கைரவானில் போய் நின்றால் விடை உடனே தெரியும். சாம்பல் கருங்கல் தூணுக்குப் பக்கத்தில் வெள்ளைப் பளிங்கு. அதற்கடுத்துச் சிவப்புச் சாயல் கல். தலைப்பகுதிகளும் ஒன்றுபோல் இல்லை. இலை விரியும் கொரிந்தியத் தலை ஒன்று, பைசாந்தியக் கைவண்ணம் ஒன்று. உக்பா இப்னு நாஃபி 670-இல் ஊரையும் பள்ளிவாசலையும் நிறுவினார். இன்று நாம் பார்க்கும் கட்டடத்தின் பெரும்பகுதி 836-இல் அக்லபிய ஆட்சியாளர் முதலாம் ஸியாதத்துல்லாஹ் கட்டியது. கார்த்தேஜ் போன்ற பழைய ரோமானிய ஊர்களின் இடிபாடுகளிலிருந்து தூண்களைக் கொண்டுவந்து நிறுத்தினார்கள். புதிதாக வெட்டிக் கடைவதைவிட அது எளிது. ஆனால் வந்த தூண்கள் ஒரே உயரத்தில் இருக்காதே! குட்டையான தூணுக்கு அடியில் உயரமான பீடம், நெட்டையான தூணுக்குத் தட்டைப் பீடம், தலைக்கு மேல் தேவைக்கேற்ற தடிப்பில் ஒரு கல் திண்டு என்று சரிக்கட்டியிருக்கிறார்கள். அந்தச் சரிக்கட்டலை ஒவ்வொரு தூணிலும் தேடிப் பாருங்கள். கொத்தனார்களின் புத்திசாலித்தனம் அங்கே தெரியும்.

கோர்டோபாவில் இதே சிக்கலுக்கு இன்னும் துணிச்சலான தீர்வு கண்டார்கள். முதலாம் அப்துர் ரஹ்மான் 785 வாக்கில் தொடங்கிய கட்டடம் அது. கிடைத்த தூண்கள் குட்டை. அவற்றின் மேல் நேராகக் கூரை போட்டால் அவ்வளவு பெரிய கூடம் பொந்து போல் இருண்டுவிடும். எனவே தூணின் மேல் ஒரு வளைவு, அந்த வளைவுக்கு மேலே இன்னொரு வளைவு என்று இரண்டு அடுக்காக ஏற்றிக் கூரையை உயர்த்தினார்கள். சிவப்புச் செங்கல்லும் வெளிர்க் கல்லும் மாறி மாறி வரும் அந்தப் புகழ்பெற்ற வளைவுகள் தோன்றிய காரணம் இதுதான்.

பழைய தூண்களைப் பற்றிப் பேசும்போது ஒன்றை மறைக்கக் கூடாது. எல்லாத் தூண்களும் கைவிடப்பட்ட இடிபாடுகளிலிருந்து வரவில்லை. டமாஸ்கஸில் 706 முதல் 715 வரை கலீஃபா வலீத் பள்ளிவாசல் எழுப்பியபோது, அந்த வளாகத்திலிருந்த புனித யோவான் தேவாலயம் இடிக்கப்பட்டது. அதற்கும் முன்பு அங்கே இருந்தது ஜூபிடர் கோயில். அதன் வெளிச்சுவர்கள் இன்றும் நிற்கின்றன. தில்லி குவ்வத்துல் இஸ்லாம் பள்ளிவாசலின் கிழக்கு வாயில் கல்வெட்டு, 27 கோயில்களின் பொருட்கள் அங்கே பயன்பட்டதாகத் தானே சொல்கிறது. முற்றத்தைச் சுற்றிய தாழ்வாரத் தூண்களில் மணியும் சங்கிலியும் பூச்சாடியும் இன்னும் தெளிவாகத் தெரிகின்றன. தூண் எங்கிருந்து வந்தது என்ற கேள்வியைத் தயங்காமல் கேளுங்கள். சில இடங்களில் விடை கொத்துவேலையைப் பற்றியதாக இருக்கும். சில இடங்களில் போரைப் பற்றியதாக இருக்கும்.

அந்தப் பின்னணியில்தான் இப்னு துலூனின் கட்டுத்தூண்களுக்குத் தனி மதிப்பு. அஹ்மத் இப்னு துலூன் 868-இல் அப்பாசியரின் ஆளுநராக எகிப்துக்கு வந்து, சில ஆண்டுகளிலேயே தனி ஆட்சியாளராக ஆனவர். பள்ளிவாசலுக்கு முந்நூறு தூண்கள் வேண்டும், அவற்றை ஊரெங்கும் உள்ள தேவாலயங்களிலிருந்துதான் எடுக்க வேண்டியிருக்கும் என்று அவரிடம் சொல்லப்பட்டதாம். அதை அவர் விரும்பவில்லை. அப்போது சிறையில் இருந்த ஒரு கிறித்தவக் கட்டடக் கலைஞர், மிஹ்ராபின் இரு தூண்களைத் தவிர வேறு தூணே இல்லாமல் கட்டித் தருகிறேன் என்று எழுதி அனுப்பினார் என்று இடைக்கால அரபு வரலாற்றாசிரியர்கள் எழுதியிருக்கிறார்கள். கதை அப்படியே நடந்ததோ இல்லையோ, கட்டடம் அந்தச் சொல்லைக் காப்பாற்றி நிற்கிறது. சுமார் இரண்டரை மீட்டர் நீளமும் ஒன்றேகால் மீட்டர் அகலமும் கொண்ட செங்கல் கட்டுத்தூண்கள். மேலே சுதைப் பூச்சு.

அருகில் போய் ஒரு கட்டுத்தூணின் மூலையைப் பாருங்கள். நான்கு மூலைகளிலும் மெல்லிய அரைத்தூண்கள் தெரியும். அவையும் தனிக் கல் இல்லை. அதே செங்கல்லில் உருட்டி எடுத்தவை. தலையில் திராட்சை இலைச் சுதை வேலை. எடையைத் தாங்கும் பொறுப்பு எதுவும் அவற்றுக்கு இல்லை. பாரமான செங்கல் திண்டின் கூர்மூலையை உருட்டி, கண்ணுக்கு இலகுவாகக் காட்டும் வேலையைத்தான் செய்கின்றன.

செங்கல் கட்டுத்தூண் எகிப்துக்குப் புதிது. அது ஈராக்கின் சாமர்ராப் பழக்கம். இப்னு துலூன் இளமையைக் கழித்த ஊர் அது. அங்கே கல் அரிது, களிமண் தாராளம். சாமர்ராவுக்கு அருகே உள்ள அபூ துலஃப் பள்ளிவாசலிலும் இதே போன்ற நீள்சதுரக் கட்டுத்தூண்கள் வளைவுகளைத் தாங்குகின்றன. கல் மலிந்த எகிப்தில் ஒருவர் பிடிவாதமாகச் செங்கல்லில் கட்டுகிறார் என்றால், அவர் மனம் எந்த ஊரில் இருந்தது என்று நாமே ஊகித்துக்கொள்ளலாம்.

படி 5: தூணும் வளைவும் சேரும் இடம்

பார்வையைத் தூணின் உச்சியிலிருந்து வளைவு தொடங்கும் இடத்துக்குக் கொண்டுபோங்கள். வளைவுக்கு எப்போதும் இரு பக்கமும் வெளியே தள்ளும் விசை உண்டு. தடித்த கட்டுத்தூண் அதைத் தானே தாங்கிக்கொள்ளும். மெல்லிய கல் தூணால் முடியாது, அது சாய்ந்துவிடும். எனவே தூணுக்குத் தூண் குறுக்கே கட்டுச்சட்டம் போட்டிருப்பார்கள். கைரவானிலும் கெய்ரோவின் பழைய பள்ளிவாசல்களிலும் மரச்சட்டம். இஸ்தான்புல்லின் உஸ்மானியப் பள்ளிவாசல்களில் இரும்புக் கம்பி. நிலநடுக்கம் வரும் ஊரில் அந்தக் கம்பிகளின் அருமை சொல்லாமலே விளங்கும்.

பல படங்களில் இந்தச் சட்டங்களைக் கணினியில் அழித்துவிடுகிறார்கள். தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள். ரிவாக் ஏன் விழாமல் நிற்கிறது என்பதற்கான சாட்சி அது. விளக்குகளைத் தொங்கவிடவும் அதே சட்டங்கள் பயன்பட்டன.

படி 6: வளைவின் வடிவத்தை வரையுங்கள், ஆனால் அதை மட்டும் நம்பாதீர்கள்

ஒரே ஒரு வளைவைத் தேர்ந்தெடுத்துக் கையால் வரையுங்கள். முழு அரைவட்டமா? உச்சியில் கூரா? கீழே உள்நோக்கிக் குறுகிக் குதிரை லாட வடிவம் கொள்கிறதா? படகின் அடிக்கட்டை போல இரு பக்கமும் நேர்கோடாக ஏறி உச்சியில் சந்திக்கிறதா?

கூர்வளைவு இப்னு துலூனில் முழுமையாக வந்துவிட்டது. பள்ளிவாசல் முடிந்த ஆண்டு 879. ஐரோப்பாவின் கோதிக் தேவாலயங்கள் எழுவதற்கு இரண்டு நூற்றாண்டுகளுக்கும் மேல் முந்தையது. அதற்காகக் கூர்வளைவு என்றாலே இஸ்லாமியம் என்று முடிவு கட்டிவிடக் கூடாது. லாட வளைவும் அப்படியே. ஸ்பெயினில் முஸ்லிம்கள் வருவதற்கு முன்பே விசிகோத்தியர் தேவாலயங்களில் அது இருந்தது. கோர்டோபாக் கொத்தனார்கள் உள்ளூர் வழக்கத்தை எடுத்து மெருகேற்றினார்கள். படகடி வளைவைப் பார்க்க வேண்டுமானால் கெய்ரோவின் அல் அஸ்ஹர் பள்ளிவாசல் முற்றத்துக்குப் போக வேண்டும். 970-இல் ஃபாத்திமியர் அந்தப் பள்ளிவாசலைத் தொடங்கினார்கள்.

இரண்டு வளைவுகளுக்கு இடைப்பட்ட சுவரையும் விட்டுவிடாதீர்கள். இப்னு துலூனில் ஒவ்வொரு கட்டுத்தூணுக்கும் நேர் மேலே ஒரு சிறிய வளைவுத் திறப்பு இருக்கிறது. முற்றத்தைப் பார்த்த முகப்பில் அதன் இரு புறமும் வட்டப் பூ. சுவரின் எடையை அந்தத் திறப்பு குறைக்கிறது. காற்றும் வெளிச்சமும் உள்ளே வரவும் வழிவிடுகிறது. பெரிய வளைவு, சிறிய திறப்பு, பெரிய வளைவு, சிறிய திறப்பு என்று முகப்பு முழுக்க ஓடும் அந்தத் தாளத்தைக் கண்ணால் ஒருமுறை முழுவதும் பின்தொடர்ந்து பாருங்கள்.

டமாஸ்கஸ் முற்றத்தின் தாளம் வேறு. ஒரு கட்டுத்தூண், பிறகு இரண்டு கல் தூண்கள், மறுபடி ஒரு கட்டுத்தூண் என்று அமைத்தார்கள். வளைவுகளுக்கு மேலே இரண்டாம் அடுக்காகச் சிறிய வளைவுகள். மேற்குத் தாழ்வாரத்தின் சுவரில் முப்பது மீட்டருக்கும் அதிக நீளமான வண்ணச் சில்லோவியம் (மொசைக்): ஆறு, அதன் கரையில் மாளிகைகள், ஓங்கிய மரங்கள், ஒரு மனிதர்கூட இல்லாத ஊர். பல காலம் சுண்ணாம்புப் பூச்சுக்குள் மறைந்து கிடந்த அது 1920-களின் கடைசியில்தான் வெளிப்பட்டது. எந்தக் கட்டடத்தின் எந்தத் தாழ்வாரத்தை ஒருமுறையாவது பார்த்துவிட வேண்டும் என்று கேட்டால் நான் தயங்காமல் சொல்வது இந்த மேற்குப் பக்கத்தை.

படி 7: தலைக்கு மேல்

தட்டையான மரக்கூரையா, சிறு குவிமாடங்களின் வரிசையா? இப்னு துலூன், கைரவான் போன்ற பழைய கட்டடங்களில் மர உத்திரங்கள் மேல் தட்டைக் கூரை. உஸ்மானியக் கட்டடங்களில் தாழ்வாரத்தின் ஒவ்வோர் அங்கணத்துக்கும் ஒரு சிறு குவிமாடம். மக்காவில் கஃபாவைச் சுற்றி உஸ்மானியர் 16-ஆம் நூற்றாண்டில் கட்டிய ரிவாக்கும் குவிமாடக் கூரை கொண்டதுதான்.

இப்னு துலூனில் கூரைக்குச் சற்றுக் கீழே, சுவரின் உச்சியை ஒட்டி, மரப்பலகையில் குர்ஆன் வசனங்கள் கூஃபி எனும் பழைய அரபு எழுத்து வடிவில் செதுக்கப்பட்டு ஓடுகின்றன. மொத்த நீளம் ஏறக்குறைய இரண்டு கிலோமீட்டர் என்பார்கள். நூஹ் நபியின் கப்பல் மரம் அது என்று ஊரில் ஒரு கதை உண்டு. பள்ளிவாசல் நிற்கும் யஷ்குர் குன்றில்தான் கப்பல் தரைதட்டியது என்றும் சொல்வார்கள். தொலைநோக்கியை வெளியே எடுக்க வேண்டிய இடம் இதுதான்.

அப்படியே வெளிச்சுவரின் மேற்புற ஜன்னல்களையும் பாருங்கள். மொத்தம் 128, சுதையால் ஆன சல்லடை வேலை. கோலங்கள் மாறிக்கொண்டே போகின்றன.

படி 8: தரையும் தண்ணீரும்

முற்றத்தில் விழும் மழை எங்கே போகிறது? கைரவானில் தரை மெல்ல நடுவை நோக்கிச் சரிகிறது. நடுவில் செதுக்கு வேலை செய்த ஒரு பளிங்கு வடிகால். தூசியும் மண்ணும் அதன் படிகளில் தங்கிவிட, தெளிந்த நீர் அடியில் உள்ள நிலவறைத் தொட்டிக்குப் போகும். பழைய தூண் பீடங்களைக் குடைந்து கிணற்றுவாய் ஆக்கியிருக்கிறார்கள். அந்தப் பளிங்கின் விளிம்பில் விரலை வைத்துப் பாருங்கள். நூற்றாண்டுக் கணக்கில் கயிறு இழுத்து இழுத்து அறுத்த பள்ளங்கள், ஒன்றுக்கு அருகில் ஒன்றாக, விரல் புதையும் ஆழத்துக்கு இருக்கின்றன. தொழுகைக்கு முன் கைகால் முகம் கழுவும் ஒளுச் செய்ய நீர் இறைத்தவர்களின் கைவேலை அது. மழை குறைந்த ஊரில் ரிவாக்கின் கூரையே ஒரு நீர்ப்பிடிப்பு என்பதை இங்கே கண்கூடாகக் காணலாம்.

படி 9: இங்கே யார் உட்கார்ந்தார்கள்?

தொழுகை நேரம் போக மீதி நேரமெல்லாம் தாழ்வாரம் யாருக்குச் சொந்தம் என்று விசாரியுங்கள். அல் அஸ்ஹரில் ஆசிரியர் ஒரு தூணில் சாய்ந்து உட்கார, மாணவர்கள் அவரைச் சுற்றி வட்டமாக அமர்ந்து பாடம் கேட்டார்கள். இன்னின்ன தூண் இன்னின்ன ஆசிரியருடையது என்ற வழக்கே இருந்தது. வெளிநாட்டு மாணவர்கள் தங்க ஊர்வாரியாகத் தனி விடுதிகள். துருக்கியர் ரிவாக், சிரியர் ரிவாக், மக்ரிபியர் ரிவாக், ஜாவா ரிவாக் என்றே அவற்றுக்குப் பெயர். மதீனாத் திண்ணையின் வழி அங்கே வரை நீண்டிருக்கிறது.

உஸ்மானியப் பள்ளிவாசல்களில் முற்றத்துக்கும் கூடத்துக்கும் இடையே உள்ள தாழ்வாரம், தாமதமாக வந்தவர்களுக்கான இடம். சுவரிலேயே சிறு மிஹ்ராபுகள் இருக்கும். ஜமாஅத் எனும் கூட்டுத் தொழுகையைத் தவறவிட்டவர் உள்ளே போய் மற்றவர்களைத் தொந்தரவு செய்யாமல் அங்கேயே தொழுதுகொள்ளலாம். உஸ்மானியக் கட்டடக் கலைஞர் சினான் 1550 முதல் 1557 வரை இஸ்தான்புல்லில் கட்டிய சுலைமானியாவில் இந்தப் பக்கத்துத் தாழ்வாரம் மற்ற மூன்று பக்கங்களைவிட உயரமாக நிற்பதைக் கவனியுங்கள்.

இப்னு துலூனில் ஒளிந்தவர் கதையும் உண்டு. 1293-இல் சுல்தான் கலீல் கொல்லப்பட்டபோது அதில் தொடர்புடைய லாஜீன் என்ற மம்லூக் தளபதி, பாழடைந்து கிடந்த இந்தப் பள்ளிவாசலில் பதுங்கினார். தப்பித்தால் இதைப் புதுப்பிப்பேன் என்று நேர்ந்துகொண்டார். பிறகு அவரே சுல்தான் ஆனார். 1296-இல் சொன்னபடி செய்தார். முற்றத்தின் நடுவில் நிற்கும் குவிமாட மண்டபம் அவர் கட்டியது.

படி 10: எது பழையது, எது பழுதுபார்த்தது?

19-ஆம் நூற்றாண்டில் இப்னு துலூன் ஆதரவற்றோர் விடுதியாக இருந்தது. வளைவுகளைச் சுவர் வைத்து அடைத்து அறைகளாக்கியிருந்தார்கள். 1881-இல் எகிப்தில் அரபுக் கலைச் சின்னங்களுக்கான பாதுகாப்புக் குழு அமைந்த பிறகுதான் அவை படிப்படியாக மீட்கப்பட்டன. வளைவின் அடிப்புறச் சுதையைப் பார்க்கும்போது, கோடுகள் சற்றே ஏறி இறங்கி, ஓரம் மழுங்கி இருந்தால் பழையதாக இருக்க வாய்ப்பு அதிகம். அச்சில் வார்த்ததுபோல் எல்லாம் ஒரே கூர்மையில் இருந்தால் புதியது. முற்றத்தை ஒட்டிய சில வளைவுகளில் இரண்டையும் அருகருகே பார்க்கலாம்.

சில சமயம் பழுதுபார்ப்பு, இடத்தின் பொருளையே மாற்றிவிடும். கோர்டோபாவில் தொழுகைக் கூடத்தின் வளைவுகள் முற்றத்தை நோக்கித் திறந்திருந்தன. 1236-இல் ஊர் கிறித்தவ ஆட்சிக்கு மாறியபின், காலப்போக்கில் அந்த வாய்களில் பெரும்பாலானவை அடைக்கப்பட்டன. இன்று உள்ளே நாம் காணும் மங்கிய இருளை மூலக் கட்டடத்தின் இயல்பு என்று எண்ணிவிடக் கூடாது.

எல்லா ஊரிலும் இதே படிகள் பொருந்துமா?

பெரும்பாலும் பொருந்தும், ஈரானில் மட்டும் பார்வையைக் கொஞ்சம் மாற்ற வேண்டும். இஸ்ஃபஹான் வெள்ளிக்கிழமைப் பள்ளிவாசலில் பழைய தூண் கூடங்களுக்கு நடுவே, 12-ஆம் நூற்றாண்டில் செல்ஜூக்கியர் முற்றத்தின் நான்கு பக்கமும் நான்கு பேருருவான ஈவான்களை, அதாவது ஒரு பக்கம் முழுவதும் திறந்த வளைகூரை மண்டபங்களை, நுழைத்தார்கள். அதன்பின் ஈரானில் முற்றத்தின் நாயகன் ஈவான்தான். சுற்றியுள்ள வளைவுகள் இரண்டு அடுக்கு மாடங்களாகி, ஓட்டுப் பதிப்பின் பளபளப்புக்குள் பின்னணியாக நின்றுவிடுகின்றன.

தமிழ்நாட்டுக் கரையோரத்தில் வேறொரு வழி. கீழக்கரை, காயல்பட்டினம் பழைய பள்ளிவாசல்களில் வளைவுக்குப் பதில் கருங்கல் தூண், அதன் மேல் போதிகை, அதன் மேல் உத்திரம், தட்டைக் கூரை. கோயில் மண்டபம் கட்டிய அதே கைத்திறன். உருவங்கள் இருக்க வேண்டிய இடத்தில் பூவும் கொடியும். ரிவாக்குக்கு வளைவு கட்டாயம் இல்லை, நிழலும் வரிசையும்தான் கட்டாயம் என்பதை மதீனாவின் பேரீச்சத் தண்டுகளுக்கு அடுத்தபடியாக இவை எனக்கு உணர்த்துகின்றன.

கெய்ரோவில் ஒரே நாளில் பார்க்க

காலையில் கதவு திறந்ததும் இப்னு துலூன். முதலில் மினாரா மேல் ஏறி முற்றத்தையும் ஸியாதாவையும் ஒரே பார்வையில் பார்த்து, நோட்டில் வரைபடத்தைப் போட்டுவிட்டுக் கீழே இறங்குங்கள். நண்பகல் வாக்கில் கோட்டைக்குள் உள்ள நாசிர் முஹம்மத் பள்ளிவாசல்; பல காலத்துக் கட்டடங்களிலிருந்து வந்த தூண்கள் அங்கே தோளோடு தோள் நிற்கின்றன, படி 4-ஐப் பழக அதைவிட நல்ல இடம் இல்லை. அஸருக்குப் பின் அல் அஸ்ஹர் முற்றம். அங்கிருந்து முயிஸ் தெரு வழியாக வடக்கே நடந்தால் கடைசியில் ஃபுதூஹ் வாயிலை ஒட்டி அல் ஹாக்கிம் பள்ளிவாசல். 1013-இல் முடிந்த அதுவும் செங்கல் கட்டுத்தூண் வகைதான். 1980-இல் தாவூதி போஹ்ரா சமூகத்தினர் புதுப்பித்துப் பளிங்குத் தரை போட்டிருக்கிறார்கள். காலையில் இப்னு துலூனில் வரைந்த கட்டுத்தூணைத் திறந்து வைத்துக்கொண்டு, இங்கே உள்ளதை அதன் பக்கத்திலேயே வரையுங்கள். வரைய வெளிச்சம் வேண்டும் என்பதால் சூரியன் மறையும் மஃரிபுக்கு ஒரு மணி நேரம் முன்பாவது அங்கே போய்ச் சேர்ந்துவிடுங்கள்.